மலைமேல் 1,200 ரூபாய்: ஓஏபி (முதியோர் உதவித்தொகை) பணம் எந்தெந்த இடத்தில் நிற்கிறது, எப்படி நகர்த்துவது?

செம்மண்பாதை (இழையைத் தொடங்கியவர்)

ஏற்காடு தாலுகாவில் மனு எழுதிக் கொடுக்கிறவர்கள், மகளிர் குழுக்காரர்கள், இ-சேவை மையம் வைத்திருப்பவர்கள் எல்லோருக்கும் இந்த இழை. சேலம் டவுன், ஓமலூர், வாழப்பாடி பக்கத்துக்கும் முக்கால்வாசி பொருந்தும். ஒரே ஒரு வேண்டுகோள்: "மனு போட்டோம், வரலைங்க" என்று மட்டும் எழுதாதீர்கள். எந்தப் படியில் நின்றது என்று சொன்னால்தான் யாராவது வழி சொல்ல முடியும்.

முதலில் தொகை. 1962-ல் மாதம் 20 ரூபாயில் தொடங்கிய திட்டம் இது. 2011-ல் 1,000 ஆனது, 2023 ஆகஸ்டில் 1,200 ஆனது. பன்னிரண்டு வருஷத்துக்கு 200 ரூபாய் ஏற்றம். இதில் மத்திய அரசின் பங்கு 60 முதல் 79 வயது வரை 200, 80-க்கு மேல் 500. அந்த 200 ரூபாய் 2007-லிருந்து இடத்தை விட்டு அசையவில்லை. மீதியை மாநிலம் போடுகிறது.

1,200-ஐ முப்பதால் வகுத்தால் நாளைக்கு 40 ரூபாய். அதனால் மலையில் ஒவ்வொரு நடையும் கணக்குத்தான். செம்மநத்தத்திலிருந்தோ மாரமங்கலத்திலிருந்தோ ஒரு பாட்டி தாலுகா ஆபீசுக்கு வந்து போனால் அன்றைய பொழுது முடிந்தது. துணைக்கு ஒருவர் வந்தால் அவர் கூலியும் போச்சு. மூன்று நடை நடந்தால் முதல் மாதப் பணம் வருவதற்குள்ளேயே ஒரு மாதப் பணம் செலவாகிவிடும். தகுதியில்லை என்று தள்ளப்படுகிறவர்களைவிட நடந்து ஓய்ந்து விட்டுவிடுகிறவர்களே மலையில் அதிகம் என்பது என் உறுதியான எண்ணம். இந்த இழையின் நோக்கமே நடையைக் குறைப்பதுதான்.

விண்ணப்பம் இ-சேவையில். ஓய்வூதியத் திட்டங்களுக்குக் கட்டணம் 10 ரூபாய். (சான்றிதழ்களுக்குத்தான் 60. இரண்டையும் குழப்பி வாங்குகிற இடங்கள் உண்டு, ரசீதைப் பாருங்கள்.) முதலில் குடிமக்கள் கணக்கு எண் உண்டாக்க வேண்டும். அதற்கு ஒரு கைபேசி எண் தேவை. இங்கேதான் முதல் ஓட்டை. பாட்டியிடம் போன் இருக்காது, மையத்தில் யாருடைய எண்ணையோ போட்டுவிடுவார்கள், குறுஞ்செய்தி எல்லாம் அந்த எண்ணுக்குப் போகும். மனு நிராகரிக்கப்பட்டதே ஆறு மாதம் கழித்துத்தான் தெரியவரும். பேரனோ பக்கத்து வீட்டுப் பெண்ணோ, ஊரிலேயே இருக்கிற ஒருவரின் எண்ணைக் கொடுங்கள். மனு எண்ணைக் குடும்ப அட்டை ஜெராக்சின் பின்னால் எழுதி வையுங்கள்.

பிறகு கிராம நிர்வாக அலுவலர், வருவாய் ஆய்வாளர், அப்புறம் சமூகப் பாதுகாப்புத் திட்ட வட்டாட்சியர். விசாரணைக்கு வரும்போது ஆள் வீட்டில் இருக்க வேண்டும். கார்த்திகையிலிருந்து மாசி வரை காப்பிப் பழம் பறிப்பு, தொடர்ந்து மிளகு. வயதானவர்களும் மகன் குடும்பத்தோடு எஸ்டேட் லயத்தில் (தொழிலாளர் வரிசை வீட்டில்) போய்த் தங்கிவிடுவார்கள். வீடு பூட்டியிருந்தால் "முகவரியில் வசிக்கவில்லை" என்று ஒரு வரி. அத்தோடு மனு முடிந்தது. பறிப்புக் காலத்தில் மனு போட்டால், இப்போது எந்த லயத்தில் இருக்கிறார் என்பதை மனுவிலேயே எழுதுங்கள்.

இன்னொன்று. கணவர் இறந்த பெண் 60 வயது வரை காத்திருக்கத் தேவையில்லை. மாநில விதவை உதவித்தொகைக்கு 18 வயது முடிந்தாலே போதும். கணவர் கைவிட்டு 5 வருஷம் ஆனவர்களுக்கு 30 வயதிலிருந்து, மணமாகாத ஏழைப் பெண்களுக்கு 50 வயதிலிருந்து. "அறுபது ஆகட்டும் பாட்டி" என்று சொல்லி அனுப்பிய எத்தனையோ பேர் அதற்குப் பத்துப் பதினைந்து வருஷம் முன்னாடியே வாங்கியிருக்க வேண்டியவர்கள்.

கச்சேரிமேடு

நல்ல தொடக்கம் தம்பி. வருவாய்த்துறைப் பக்கத்திலிருந்து மனு விழுகிற இடங்களைச் சொல்கிறேன். வயது, பெயர், இறப்புச் சான்று. இந்த மூன்றில்தான் பெரும்பாலும் அடங்கும்.

வயது: மலையில் பழைய ஆட்களுக்குப் பிறப்புச் சான்று ஏது? ஆதார் எடுக்க வந்தவர்கள் முகத்தைப் பார்த்து ஒரு வருஷத்தைச் சொல்லி, சனவரி 1 என்று போட்டுவிட்டார்கள். வாக்காளர் அட்டையில் 66, ஆதாரில் 57 என்று இருப்பவர்கள் நிறைய. ஆதாரில் 60 நிறையாவிட்டால் மனு நகராது. உடனே ஆதாரைத் திருத்த ஓடாதீர்கள். பிறந்த தேதியை ஒரு தடவைதான் மாற்ற விடுவார்கள். சரியான ஆவணம் இல்லாமல் போய் அந்த வாய்ப்பைக் கெடுத்துக்கொண்டால் மீட்பது பெரும்பாடு. முதலில் பழைய வாக்காளர் அட்டை, குடும்ப அட்டையில் பதிந்த வயது, மூத்த பிள்ளையின் பள்ளிச் சான்று எல்லாவற்றையும் திரட்டுங்கள். மூத்த மகனுக்கு 45 என்றால் தாய்க்கு 57 எப்படி இருக்கும்? இதை மனுவில் எழுதி, அரசு மருத்துவரின் வயதுச் சான்றுக்கு அனுப்பும்படி வட்டாட்சியரையே கேளுங்கள். வாயால் சொன்னால் காற்றோடு போகும்.

பெயர்: சின்னப்பொண்ணு, பெரியபொண்ணு, வெள்ளையம்மாள். தமிழில் ஒரே பெயர்தான். ஆங்கில எழுத்தில் "பொண்ணு"வுக்கு ஒரு அட்டையில் ஒற்றை "என்", இன்னொன்றில் இரட்டை "என்". ஆதாரில் தகப்பன் பெயரின் முதலெழுத்து, பாஸ்புக்கில் கணவன் பெயரின் முதலெழுத்து. பார்க்கிறவருக்கு அது ஒரே ஆள்தான், கணினிக்கு இரண்டு ஆள். ஆதாரை அடிப்படையாக வைத்து மற்றதை அதற்குச் சரிசெய்யுங்கள். வங்கியிலும் குடும்ப அட்டையிலும் பெயர் திருத்தம் இலவசமாகவே முடியும். ஆதாரில் பெயரோ முகவரியோ மாற்ற, 2025 அக்டோபரிலிருந்து 75 ரூபாய். ரேகை புதுப்பிக்க 125.

இறப்புச் சான்று: விதவை மனு விழுவது இதில்தான். கணவர் குடகுக்கோ கேரளாவுக்கோ மிளகு பறிக்கப் போன இடத்தில் இறந்திருப்பார். இறப்பு எங்கே நடந்ததோ அங்கேதான் பதிவாகும், ஊரில் தேடினால் கிடைக்காது. வீட்டிலேயே இறந்து அடக்கம் செய்தவர்களுக்குப் பல சமயம் பதிவே இருக்காது. 21 நாளுக்குள் சொன்னால் செலவில்லை. ஓராண்டு கடந்துவிட்டால் வருவாய்க் கோட்டாட்சியர் உத்தரவு இல்லாமல் பதிய முடியாது. அதற்குச் சேலம் இறங்க வேண்டும். அங்கே முதலில் கேட்பது "பதிவு இல்லை" என்ற சான்றைத்தான். அதை ஊரிலேயே வாங்கிக்கொண்டு இறங்கினால் ஒரு நடை மிச்சம். ஊரில் சாவு விழுந்த பதினாறாம் நாள் காரியத்துக்குள் பதிந்துவிடும் பழக்கத்தை ஊர்ப் பெரியவர்கள் ஏற்படுத்தினால், அந்த வீட்டுப் பெண்ணுக்கு அதைவிடப் பெரிய உதவி கிடையாது.

வாழவந்தி

ஐயா, ஆணை வந்துவிட்டது, வட்டாட்சியர் கையெழுத்தும் ஆகிவிட்டது. ஆனால் மூணு மாசமாகப் பாஸ்புக்கில் எதுவும் ஏறலை. தாலுகா ஆபீசில் "நாங்க அனுப்பிட்டோம்" என்கிறார்கள், வங்கியில் "எங்களுக்கு வரலை" என்கிறார்கள். இதற்கு என்ன செய்வது?

ரேகைப்பெட்டி

இது என் பக்கம். விரல் ரேகை வைத்துப் பணம் தரும் மைக்ரோ ஏடிஎம் கருவியோடு ஊர் ஊராகப் போகிற வங்கித் தொடர்பாளர்கள் தினம் பார்க்கிற சிக்கல்.

"ஆதார் இணைப்பு" என்று இரண்டு வேலைகளைச் சொல்கிறார்கள். ஒன்று, கணக்கில் ஆதார் எண்ணைப் பதிவது. மற்றொன்று, தேசிய கொடுப்பனவுக் கழகத்தின் பட்டியலில் "இந்த ஆதாருக்கு வரும் பணம் இந்த வங்கிக்கு" என்று காட்டுவது. முதலாவது முடிந்திருக்கும், இரண்டாவது முடிந்திருக்காது. அல்லது முடிந்திருக்கும், ஆனால் வேறு வங்கியைக் காட்டும். கடைசியாக எந்த வங்கியில் இணைத்தார்களோ அங்கேதான் பணம் போகும். சிம் கார்டு வாங்கும்போது விரல் வைத்ததிலேயே புதுக் கணக்கு திறந்து, மானியம் எல்லாம் அங்கே போன கதை 2017-ல் நாடு முழுக்க நடந்தது.

ஆதாரில் பதிந்த கைபேசியில் *99*99*1# அடித்து ஆதார் எண்ணைக் கொடுங்கள். எந்த வங்கி, எந்தத் தேதியில் இணைந்தது என்று வரும். போன் பதியாதவர்கள், எந்த வங்கிக் கருவியிலாவது சந்தேகப்படுகிற வங்கியின் பெயரைத் தேர்ந்தெடுத்து, விரல் வைத்து இருப்பைப் பார்க்கச் சொல்லுங்கள், அந்த வங்கியில் ஆதார் இணைந்த மறந்துபோன கணக்கு இருந்தால் தெரிந்துவிடும். வேறு வங்கியைக் காட்டினால் இரண்டு வழி: அந்தக் கணக்கிலேயே பணம் இருக்கிறதா என்று பாருங்கள், முக்கால்வாசி அங்கேதான் சேர்ந்து கிடக்கும். பிறகு உங்கள் கிளையில் ஆதார் இணைப்பு ஒப்புதல் படிவம் எழுதிக் கொடுங்கள். படிவத்தில் "ஏற்கெனவே வேறு வங்கியில் உள்ளது, இங்கே மாற்றவும்" என்ற கட்டத்தில் டிக் போட வேண்டும், பழைய வங்கியின் பெயரும் எழுத வேண்டும். அந்தக் கட்டத்தை விட்டுவிட்டுக் கொடுத்த படிவம் அப்படியே திரும்பும்.

அடுத்தது ரேகை. காப்பிப் பழம், மிளகுக் கொத்து, விறகு, அருவாள். ஐம்பது வருஷம் இதைப் பிடித்த கட்டைவிரலைக் கையில் எடுத்துப் பாருங்கள். நுனி வழுவழுவென்று கண்ணாடி மாதிரி இருக்கும், வரி இருக்க வேண்டிய இடத்தில் குறுக்கே வெடிப்பு. மார்கழிப் பனியில் தோல் இன்னும் காய்ந்து போகும். செவ்வாய்ப்பேட்டையில் வெள்ளிக் கொலுசு வேலை செய்கிறவர்களுக்கும் அமிலம் பட்டு இதே கதிதான். செய்ய வேண்டியது: வெதுவெதுப்பான தண்ணீரில் கை கழுவி நன்றாகத் துடைக்க வேண்டும். விரலை நெற்றியில் நாலு தரம் தேய்த்தால் இருக்கிற இயற்கை எண்ணெய் போதும். தேங்காய் எண்ணெய் தடவாதீர்கள், கண்ணாடியில் படிந்து அடுத்த ஆளுக்கும் விழாது. கட்டைவிரலை விட்டு மோதிர விரல், இடது கை நடுவிரலை வையுங்கள். வேலை குறைவாகச் செய்த விரலில்தான் வரி மிச்சமிருக்கும்.

மூன்று தடவை விழாவிட்டால் நிறுத்துங்கள். "தோல்வி" என்று திரையில் வந்தாலும் கணக்கில் பணம் கழிந்திருக்கலாம். ஒவ்வொரு முயற்சிக்கும் துண்டுச் சீட்டு கேளுங்கள். கழிந்து கைக்கு வராத பணம் ஐந்து நாளுக்குள் திரும்பி ஏற வேண்டும், தாண்டினால் நாளொன்றுக்கு 100 ரூபாய் வங்கி தர வேண்டும். இது 2019-லிருந்து ரிசர்வ் வங்கி விதி.

தொடர்பாளர் வாடிக்கையாளரிடம் நேரடியாகக் கட்டணம் வாங்கக் கூடாது, கமிஷனை வங்கி தருகிறது. "போக்குவரத்துக்கு நூறு" என்று பிடித்துக்கொண்டு 1,100 நீட்டினால் சீட்டில் 1,200 என்றுதான் இருக்கும். படிக்கத் தெரிந்த பிள்ளை ஒன்றைப் பக்கத்தில் நிறுத்துங்கள்.

ரேகையே விழாதவர்கள் கருவியை விட்டுக் கிளைக்குப் போகலாம். பணமெடுக்கும் சீட்டில் மை தடவிக் கைநாட்டு வைத்து, இரண்டு சாட்சி, அதில் ஒருவர் வங்கி ஊழியர். இது நடைமுறையில் உள்ளதுதான். 70 வயது கடந்தவர்களுக்கு வீட்டிலேயே பணம் கொண்டுவந்து தரும் ஏற்பாடு வேண்டும் என்று 2017 நவம்பரில் ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குச் சொன்னது. கிளையில் எழுதிக் கேளுங்கள்.

செம்மண்பாதை

ஒன்று சேர்க்கிறேன். 2023 செப்டம்பர் 15-ல் மகளிர் உரிமைத் தொகை முதல் தவணை ஏறியபோது, குறைந்தபட்ச இருப்பு இல்லை என்று சில வங்கிகள் அந்த ஆயிரத்திலேயே கழித்துக்கொண்டன. நிதியமைச்சர் தங்கம் தென்னரசு தலையிட்டு, அப்படிக் கழிக்கக் கூடாது என்று சொல்ல வேண்டியிருந்தது. உதவித்தொகைக்கு ஜன் தன் கணக்கு அல்லது இருப்பு தேவையில்லாத அடிப்படைக் கணக்கு இருந்தால் இந்தப் பிரச்சினையே கிடையாது. சாதாரண சேமிப்புக் கணக்காக இருந்தால் மாற்றித் தரச் சொல்லி எழுதிக் கொடுங்கள்.

வாழவந்தி

ரொம்ப நன்றிங்க அண்ணா. இன்னொரு சந்தேகம். மாமியார் ஓஏபி வாங்கினால் மருமகளுக்கு உரிமைத் தொகை கிடைக்காது, அதனால் ரேஷன் கார்டைப் பிரித்துவிடுங்கள் என்று ஊரில் சொல்கிறார்கள். ஏழெட்டு வீட்டில் பிரிக்கவும் செய்துவிட்டார்கள்.

பாமாயில்பாக்கெட்

அவசரப்பட்டுப் பிரிக்காதீங்க! ரேஷன் பக்கத்திலிருந்து சொல்கிறேன்.

முதலில் வந்த விதியில் அந்தத் தடை இருந்தது உண்மை. 2023 ஆகஸ்டிலேயே தளர்த்திவிட்டார்கள். முதியோர் உதவித்தொகை வாங்குகிறவருக்கு உரிமைத் தொகை கிடையாது. அதே அட்டையில் உள்ள தகுதியான வேறு பெண்ணுக்கு உண்டு. ஒரு அட்டைக்கு ஒரு பெண், 21 வயது நிறைந்திருக்க வேண்டும், குடும்ப வருமானம் ஆண்டுக்கு இரண்டரை லட்சத்துக்குள், மின்சாரம் ஆண்டுக்கு 3,600 யூனிட்டுக்குள், நஞ்சை 5 ஏக்கர் அல்லது புஞ்சை 10 ஏக்கருக்குள். நிராகரித்தால் 30 நாளுக்குள் இ-சேவை வழியாகக் கோட்டாட்சியருக்கு மேல்முறையீடு.

பிரித்தால் என்ன நஷ்டம் என்று பாருங்கள். அந்தியோதயா அட்டை (மிக ஏழைக் குடும்பங்களுக்கான ரேஷன் அட்டை) என்றால் எத்தனை பேர் இருந்தாலும் 35 கிலோ அரிசி. பிரிந்து போகிற ஆளுக்கு அந்தியோதயா வராது. தனியாளாகிற பாட்டிக்கு 12 கிலோ, இரண்டு பேர் என்றால் 16, மூன்று பேர் என்றால் 20. சர்க்கரை ஆளுக்கு அரைக் கிலோதான். பருப்பு ஒரு கிலோ 30 ரூபாய், பாமாயில் ஒரு லிட்டர் 25 ரூபாய், இவை அட்டைக்குத்தான் என்பதால் கூடுதலாக ஒன்று கிடைக்கும். ஆனால் அதைப் போய் வாங்குவது யார்? மருமகள் விரல் பாட்டி அட்டையில் இருக்காது. பாட்டியே கடைக்கு நடக்க வேண்டும். பகுதிநேரக் கடை வாரத்தில் சில நாள்தான் திறக்கும், சர்வர் நின்றால் மறுபடி நடை.

நடக்க முடியாதவர்களுக்கு அங்கீகாரப் படிவம் உண்டு. கடையிலேயே வாங்கி, யார் வாங்க வருவார் என்று எழுதிக் கையொப்பம் வாங்கினால், அவர் பொருளை வாங்கிக்கொள்ளலாம். 2025 ஆகஸ்ட் 12-ல் தொடங்கிய தாயுமானவர் திட்டத்தில் முதியவர்கள், மாற்றுத்திறனாளிகள் வீட்டுக்கே பொருள் வரும். மாதத்தின் இரண்டாவது சனி, ஞாயிறு. பட்டியலில் பெயர் இருக்கிறதா என்று கடையில் கேளுங்கள்.

உதவித்தொகை வாங்குகிறவர்களுக்கு மாதம் 4 கிலோ அரிசி தனியாக உண்டு. சத்துணவு மையத்தில் சாப்பிட்டால் 2 கிலோ. அதோடு பொங்கலுக்கும் தீபாவளிக்கும் வேட்டி சேலை. இதைப் பாட்டிமாருக்கு யாரும் சொல்வதில்லை.

அம்மாபேட்டைத்தறி

எல்லாம் சரி. ஆனால் அரிசி, பருப்பு, வேட்டி, சேலை, பணம் என்று அஞ்சு வாசலில் நிற்க வைப்பதற்குப் பதில் எல்லாவற்றையும் பணமாகக் கணக்கில் போட்டால் என்ன? தறி ஓடாத மாதத்தில் எங்களுக்கு அரிசியைவிட வாடகையும் மருந்தும்தான் முட்டும். அரிசியை வைத்து மருந்து வாங்க முடியாது. ஏழைக்கு என்ன தேவை என்பது ஏழைக்குத்தானே தெரியும்?

பாமாயில்பாக்கெட்

தறி ஊர் நிலைமை புரிகிறது. அம்மாபேட்டையில் தெருவுக்கு ஒரு மளிகைக் கடை, நாலு ஏடிஎம் இருக்கும், பணம் பணமாகவே உதவும். மலையில் அப்படி இல்லை. மாரமங்கலம் பக்கத்துக் கடையில் அரிசி விலை சேலம் லீ பஜார் விலை இல்லை, வண்டிக்கூலி ஏறித்தான் இருக்கும். பணமாகத் தந்தால் அதே பணத்தில் மலையில் அரிசி குறைவாகத்தான் வரும்.

புதுச்சேரியைப் பாருங்கள். 2015 செப்டம்பரில் அங்கே அரிசிக்குப் பதில் பணம் போடத் தொடங்கினார்கள். ரேஷன் கடைகள் மூடிக் கிடந்தன. மக்கள் விடாமல் கேட்டு, 2024 அக்டோபரில் கடைகளைத் திறந்து மறுபடி அரிசி போட்டார்கள். ஒன்பது வருஷம் ஆனது.

அம்மாபேட்டைத்தறி

புதுச்சேரி உதாரணத்தை ஏற்றுக்கொள்கிறேன் அண்ணா. அப்படியானால் அரிசி அரிசியாகவே இருக்கட்டும். 1,200-ஐ ஏற்ற வேண்டும் என்பதில் நான் மாறவில்லை. விலைவாசியோடு ஆண்டுதோறும் தானாக ஏறும்படி விதி இருந்தால் பன்னிரண்டு வருஷம் காத்திருக்க வேண்டி வராது. அரசு ஊழியர் ஓய்வூதியத்துக்கு அகவிலைப்படி ஏறுகிறதே, தறிக்காரருக்கும் பழம் பறிக்கிறவருக்கும் மட்டும் விலைவாசி ஏறாதா?

கச்சேரிமேடு

நியாயமான கேள்வி. இன்னொரு விதியும் காலத்துக்கு ஒவ்வாமல் நிற்கிறது: சொத்து வரம்பு. அசையாச் சொத்து முன்பு 50,000 ரூபாய்க்குள் இருக்க வேண்டும் என்றார்கள், பிறகு ஒரு லட்சம் ஆக்கினார்கள். ஏற்காட்டில் ரிசார்ட்டுகள் பெருகி நில மதிப்பு எங்கேயோ போய்விட்டது. அரை ஏக்கர் மேட்டுக்காடு, பத்து சில்வர் ஓக், நாலு மிளகுக் கொடி. காகிதத்தில் அது ஒரு லட்சத்தைத் தாண்டும். மலைவாழ் மக்களுக்கு அரசு ஒப்படைத்த நிபந்தனைப் பட்டா நிலமாக இருந்தால் நினைத்தபடி விற்கவும் முடியாது. விற்க முடியாத நிலத்தின் மதிப்பைக் காட்டி நாளைக்கு 40 ரூபாயை மறுப்பது சரியில்லை. இப்படிப்பட்டவர்கள் பட்டா நகலோடு, "இது நிபந்தனைப் பட்டா, ஆண்டு வருமானம் இவ்வளவுதான்" என்று வருமானச் சான்றையும் சேர்த்து வையுங்கள். விசாரணை அலுவலருக்கு எழுத ஒரு பிடி கிடைக்கும்.

வாழவந்தி

வந்துகொண்டிருந்த பணம் திடீரென்று நின்றுபோனவர்களுக்கும் ஒரு வழி சொல்லுங்க ஐயா. காரணமே சொல்ல மாட்டேன் என்கிறார்கள்.

கச்சேரிமேடு

முதலில் ரேகைப்பெட்டி சொன்னபடி வங்கிப் பக்கத்தைப் பாருங்கள், பாதி அதிலேயே தீரும். அங்கே தவறில்லை என்றால் வட்டாட்சியருக்கு இப்படி எழுதுங்கள்:

"எனக்கு இன்ன எண் ஆணைப்படி வந்துகொண்டிருந்த உதவித்தொகை இன்ன மாதம் முதல் நின்றுள்ளது. நான் உயிரோடு இதே முகவரியில் வசிக்கிறேன். நிறுத்தியதற்கான காரணத்தை எழுத்து மூலம் தெரிவிக்கவும், உதவித்தொகையை மீண்டும் வழங்கவும், விடுபட்ட மாதங்களுக்கான தொகையையும் வழங்கவும் கேட்டுக்கொள்கிறேன்."

"உயிரோடு" என்ற வார்த்தையை விடாதீர்கள். வீடு பூட்டியிருந்த நாளில் யாரோ சொன்னதைக் கேட்டு இறந்தவர் கணக்கில் எழுதப்பட்ட பெயர்கள் உண்டு. ஆதார், பாஸ்புக் முதல் பக்கம், கடைசியாகப் பணம் ஏறிய பக்கம், மூன்றின் நகலும் இணைக்க வேண்டும். ஏற்காட்டில் கொடுத்து ஒரு மாதம் பார்த்துவிட்டு, அதே மனுவின் நகலோடு சேலம் கலெக்டர் ஆபீசில் திங்கட்கிழமைக் குறைதீர் நாளில் கொடுங்கள். ஐந்தாறு பேர் மனுவை ஒருவரே கொண்டுபோகலாம், பாட்டிமார் எல்லோரும் இறங்க வேண்டியதில்லை. ஒவ்வொரு மனுவுக்கும் இரண்டு பிரதி எடுங்கள். உங்கள் பிரதியில் ஆபீஸ் முத்திரையும் தேதியும் விழாமல் அங்கிருந்து கிளம்பாதீர்கள்.